அவன் கத்தவே இல்லை

மகனே, நீ சிட்னிக்குப் புறப்பட்ட அன்று நான் உன்னை வழியனுப்ப வரவில்லை. ஆக்லாந்தில், பாபடோயிட்டோயில் நம் வீட்டிலிருந்து விமான நிலையம் எவ்வளவு கிட்ட என்று உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கால் வலி என்று சொன்னேன். கால் வலியும் இல்லை, கை வலியும் இல்லை. வீட்டுக்குப் பின்னால் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டு நின்றேன். கூரைக்கு மேலால் ஒவ்வொரு விமானம் போகும்போதும், இதிலேதான் போகிறானோ, இதிலேதான் போகிறானோ என்று நிமிர்ந்து பார்த்தேன். கடைசியில் நீ எதில் போனாய் என்றே தெரியவில்லை. காயப்போட்ட சட்டைகளை எல்லாம் ஈரத்தோடு மறுபடியும் கூடைக்குள் போட்டு உள்ளே கொண்டுவந்துவிட்டேன். உன் அம்மாவின் புத்தி அன்றைக்கு அந்த அளவில்தான் வேலை செய்தது.

கோபத்தில்தான் வரவில்லை என்று நீ நினைத்திருப்பாய். கோபம் எப்போதோ போய்விட்டது. எனக்குக் கோபம் வருகிற வேகத்திலேயே போய்விடும், அது உனக்குத் தெரியும். போனபிறகு மிஞ்சியது வெட்கம். அது சுலபத்தில் போகிற சாமான் இல்லை. உன் முகத்தைப் பார்க்க வெட்கமாய் இருந்தது, அதனால் வரவில்லை. உனக்கு முப்பது வயது தாண்டிவிட்டது. தாய் மகனிடம் வெட்கப்பட்டேன் என்று எழுதினால் விளங்கிக்கொள்கிற வயதுதான். தமிழில் எழுதுகிறேன், மெதுவாக வாசி. சனிக்கிழமைகளில் நான் உன்னை இழுத்துக்கொண்டு போய்த் தமிழ்ப் பள்ளியில் இருத்தியதற்கு இந்த ஒரு கடிதமாவது பயன்படட்டும்.

அந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்தே தொடங்குகிறேன். புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் வைத்திருந்தேன். நீ இரண்டாம் தரம் போட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாய். ஒரு பெரிய படத்தில் வேடம் கிடைத்திருக்கிறது, எங்கள் இலங்கைச் சண்டையைப் பற்றிய படம், கிட்டத்தட்டப் பாதிப் படத்துக்கு வருகிறேன் என்றாய். எனக்கு வாயெல்லாம் பல். தப்பி ஓடி வாற தமிழ்ப் பெடியனோ என்று கேட்டேன். இல்லை, சோதனைச் சாவடியில் நிற்கிற ஆமி அதிகாரி என்றாய். எனக்குக் காது அடைத்துவிட்டது. நீ கவனிக்கவில்லை. அதுவரை ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டிருந்தவன், உன்னுடைய அரைகுறைத் தமிழுக்கு மாறி, பாடம் ஒப்புவிக்கிற மாதிரிக் கேட்டாய்.

"அம்மா, அப்பாவை மறிச்ச ஒஃபிசர் எப்பிடி நிண்டவர்? எப்பிடிக் கதைச்சவர்? ஒருக்காச் செய்து காட்டுறீங்களா?"

அவனுக்கு மரியாதை வேறு கொடுத்தாய். நான் கையை நீட்டி உன் முன்னால் இருந்த தட்டை இழுத்தேன். பாதிப் புட்டு அதில் கிடந்தது. 

"உனக்கு உடுக்க வேற உடுப்பில்லையோ? அவங்கட உடுப்புத்தான் வேணுமோ? கொப்பர் இதைப் பாக்காமச் செத்தது நல்லதாப் போச்சு" என்று கத்தினேன்.

குழம்பு ஒட்டின கையை அப்படியே வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாய். பிறகு "ஓகே அம்மா" என்று எழுந்து போனாய். சாப்பிடுகிற பிள்ளையின் தட்டைப் பறிக்க எங்கள் ஊரில் ஜென்ம விரோதியும் யோசிப்பான். நான் உன்னைப் பெற்றவள். அந்தத் தட்டை என்ன செய்வது என்று தெரியாமல் குசினியில் வைத்துக்கொண்டு நின்றேன். பிறகு மூடி வைத்தேன். நீ வரவில்லை.

நீ புறப்படுகிற நாள் வரைக்கும் நாம் இருவரும் ஒரே வீட்டில் கதைக்காமல் திரிந்தோம். உன் அறையிலிருந்து சத்தம் மட்டும் வரும். நீ பழகிக்கொண்டிருந்தாய். "டேய்! நில்லடா! கையைத் தூக்கு! ஐடென்டிட்டி கார்ட் எங்கே?" என்று சுவர் அதிர அதிரக் கத்தினாய். பக்கத்து வீட்டு சமோவாக்காரர் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்து, வீட்டில் எல்லாம் சுகமா என்று கேட்டார். சுகம், மகன் வேலை செய்கிறான் என்றேன். அவரிடம் மட்டும் உண்மையைச் சொன்னேன் பார். சமையலறையில் நின்று உன் கத்தலைக் கேட்கக் கேட்க எனக்கு ஒன்று தெரிந்தது. நீ செய்வது பிழை. அவன் அப்படிச் செய்யவில்லை. எனக்குத் தெரிந்தும் நான் வாயைத் திறக்கவில்லை. கத்தி அலுக்கட்டும் என்று வெங்காயம் வெட்டினேன்.

அதற்கு முன்னால் செய்த இன்னொரு அநியாயத்தையும் சொல்லிவிடுகிறேன், இது உனக்குத் தெரியாது. நீ காப்புறுதி விளம்பரத்தில் டாக்ஸிக்காரனாக வந்தாயே, தலையைத் தலையை ஆட்டிக்கொண்டு, அது வெளியான சமயம் நான் சான்ட்ரிங்ஹாம் மரக்கறிக் கடையில் முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டு நின்றேன். கோயிலில் அடிக்கடி காண்கிற ஒரு பெண், தமிழ்நாட்டுப் பிள்ளை, ஓடி வந்து என் கையைப் பிடித்தாள்.

"ஆன்ட்டி, டிவியில வர்றது உங்க பையன்தானே? செம்மையா பண்றாரு! நாங்க வீட்ல எல்லாரும் அதையேதான் பேசிட்டு இருக்கோம்."

"எந்தப் பையன்?" என்று கேட்டேன்.

"அந்த டாக்ஸி டிரைவர் ஆன்ட்டி. அதே மூஞ்சி, அதே சிரிப்பு."

"அது வேற ஆரோ பிள்ளை. முகச்சாடை அப்பிடி இருக்கு. என்ர மகன் ஐடியில வேலை" என்றேன்.

அந்தப் பிள்ளையின் முகம் சுருங்கிப்போயிற்று. என்னை நம்பவில்லை என்று நன்றாகத் தெரிந்தது. "ஓ, சாரி ஆன்ட்டி" என்று சொல்லிவிட்டுப் போனாள். நான் முருங்கைக்காயை அங்கேயே போட்டுவிட்டு வந்தேன். ஐடியில் வேலை என்கிற அந்தப் பொய்யை நான் அன்றைக்குத் தொடங்கவில்லை, கோயிலில் பல வருடமாகச் சொல்லி வந்தேன். யார் பெண் கொடுப்பார்கள், யார் மதிப்பார்கள் என்று பயம். ஆனால் முகத்துக்கு நேரே, அது என் பிள்ளை இல்லை என்று சொன்னது அதுதான் முதல் தடவை. என் வயிற்றில் பிறந்ததை நானே இல்லை என்றேன், முருங்கைக்காய்க் கூடைக்கு முன்னால் நின்றுகொண்டு. சீ!

அதனால்தான் இந்தக் கடிதத்தை உனக்குத் தனியாக அனுப்பாமல், நம் சங்கத்து ஆண்டு மலருக்கும் கொடுக்கிறேன். மலர்க் குழுவில் உள்ளவர்கள், அக்கா, வீட்டு விஷயம் எல்லாம் வேண்டாமே என்றார்கள். ஊர் நடுவில் மறுத்ததை வீட்டு மூலையில் திருத்த முடியாது, போடுங்கள் என்று பிடிவாதமாய் நின்றேன். சான்ட்ரிங்ஹாமில் என் கையைப் பிடித்த பிள்ளை இதை வாசித்தால், ஓம் பிள்ளை, அவன் என்ர மகன்தான். நடிகன். நீ சொன்னது சரி, செம்மையாய்ச் செய்கிறான்.

இனி ஹில்டாவுக்கு வருகிறேன். நான் வேலை செய்கிற முதியோர் இல்லத்தில் இருக்கிறாவே, தொண்ணூறைத் தாண்டிய மனுஷி, தேநீர் ஆறிவிட்டால் கோப்பையைத் தள்ளிவிடுகிறவ, அவதான். சின்னப் பிள்ளையாய் இருக்கும்போது தாய் தகப்பனோடு ஜெர்மனியிலிருந்து தப்பி ஓடி ஆக்லாந்துக்கு வந்தவ. யூதச் சனம் அங்கிருந்து ஏன் ஓடியது என்று உனக்குப் பள்ளிக்கூடத்திலேயே படிப்பித்திருப்பார்கள். பின்னேரங்களில் அவவுக்குப் பழைய அமெரிக்கப் படங்கள் வேண்டும், கறுப்பு வெள்ளை. கதாநாயகனைப் பற்றி அவவுக்கு ஒரு கவலையும் இல்லை. மொட்டைத் தலையும் தடித்த கண் இமையுமாய் ஒரு துணை நடிகர் வருவார், அவருக்காகத்தான் பார்ப்பா. அந்தாள் திரைக்கு வந்ததும், "சத்தத்தைக் கூட்டு, கூட்டு" என்று என் கையில் தட்டுவா. மாத்திரை கொடுக்கப் போன நானும் கட்டில் விளிம்பில் இருந்து பார்த்துப் பழகிவிட்டேன். மேற்பார்வைக்காரி இதை வாசிக்க மாட்டாள், அவளுக்குத் தமிழ் தெரியாது.

அந்தாளின் கதையை ஹில்டா துண்டு துண்டாகச் சொல்லியிருக்கிறா. ஜெர்மனியில் பிறந்தவர். அங்கே மேடையில் அரசனாகவும் நீதிபதியாகவும் நின்று, சனம் எழுந்து நின்று கைதட்டின ஆள். பிறகு, நீ இந்த மேடையில் ஏறக்கூடாது என்று சொல்லிவிட்டார்கள். ஒரு பெட்டியோடு கப்பல் ஏறினார். அமெரிக்காவில் வந்து இறங்கினால் வாயில் ஆங்கிலம் இல்லை. அரசனாய் நின்றவருக்குக் கிடைத்த முதல் வேடம் ஹோட்டல் பரிமாறுகிறவன். தட்டை வைக்க வேண்டும், குனிய வேண்டும், போக வேண்டும். பிறகு கதவு திறக்கிற வேலைக்காரன், பைத்தியக்கார விஞ்ஞானி, ரயிலில் தொப்பியை முகத்தில் இழுத்துவிட்டுக்கொண்டு இருக்கிற ஒற்றன். எந்தப் படத்திலும் கடைசி வரைக்கும் உயிரோடு இருந்ததில்லை. ஹில்டாவோடு சேர்ந்து நானும், "இந்தாள் இண்டைக்கு எத்தினை மணிக்குச் சாகப்போறார்?" என்று பகிடி பண்ணுவேன்.

ஒன்றைக் கேட்டதும் மட்டும் எனக்குச் சிரிப்பு வரவில்லை. போகப் போக அந்தாளுக்கு ஆங்கிலம் நன்றாகப் பழகிவிட்டதாம், நாக்குத் திருந்திவிட்டது. படம் எடுக்கிறவர்கள் அதற்குச் சந்தோஷப்படவில்லை. இது வேண்டாம், உன்னுடைய பழைய கரடுமுரடான நாக்குத்தான் வேண்டும் என்றார்கள். அந்தாள் அறையில் தனியே இருந்து தன்னுடைய பழைய பிழையான ஆங்கிலத்தைத் திரும்பப் பழகினாராம். அப்படித்தான் ஹில்டா ஒரு சினிமாப் பத்திரிகையில் வாசித்தாவாம். எனக்கு நீ ஞாபகத்துக்கு வந்தாய். நீ இந்த ஊர்ப் பிள்ளைகளின் நாக்கோடு வளர்ந்தவன். உன் ஆங்கிலத்தைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் ஒருத்தரும் உன்னை எங்கள் பிள்ளை என்று சொல்ல மாட்டார்கள். ஆனால் உனக்கு வேடம் தருகிறவர்கள் முகத்தைப் பார்த்துத்தானே தருகிறார்கள். டாக்ஸிக்காரன், மூலைக்கடை டெய்ரிக்காரன், ஆஸ்பத்திரியில் இரண்டு வரி பேசுகிற டாக்டர், விமானத்தில் எல்லோரும் சந்தேகப்படுகிற தாடிக்காரன். அதற்கெல்லாம் இல்லாத ஒரு நாக்கை நீ எங்கிருந்தோ எடுத்துவர வேண்டியிருந்தது. நீ அப்பாவின் நாக்கை எடுத்தாய்.

அந்த நாடகத்தைச் சொல்கிறேன். டவுனில் ஒரு சின்ன அரங்கம். நீ ஒடாஹுஹுவில் டெய்ரிக் கடை வைத்திருக்கிறவனாக வந்தாய். ஊரில் கட்டிடப் படம் கீறிய அப்பா, இங்கே வந்து ஒடாஹுஹுவில் ஒரு டெய்ரியின் மேசைக்குப் பின்னால்தான் எத்தனையோ வருடம் பால் போத்தலும் பாணும் விற்றுக்கொண்டு நின்றார். நீ மேடைக்கு வந்து, ஒரு கையை மேசையில் ஊன்றி, மற்றக் கையால் கண்ணாடியை மேலே தள்ளி, "யெஸ் மை பிரண்ட், ரெல் மீ" என்றாய். அப்பா! அச்சொட்டாய் அப்பா. அரங்கம் முழுக்க வெடித்துச் சிரித்தது. நான் பக்கத்தில் பார்க்கிறேன், அப்பா எல்லோரையும்விடப் பலமாய்ச் சிரித்துக்கொண்டிருக்கிறார், கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துத் துடைத்து. நான் ஒருத்திதான் கல்லுப் பிள்ளையார் மாதிரி இருந்தேன். நாடகம் முடிந்து நீ ஓடி வந்து, எப்படி அம்மா என்று கேட்டாய். "லைற் வெளிச்சம் கண்ணுக்குக் கூசுது" என்றேன். உன் முகம் விழுந்துபோனது. அம்மாவுக்கு நடிப்புத் தொழில் பிடிக்கவில்லை என்று நீ அன்றைக்குத்தான் முடிவு கட்டியிருப்பாய். தொழில் இல்லையடா காரணம். அந்தச் சிரிப்பு. ஒரு கூட்டம் உன் அப்பாவைப் பார்த்துச் சிரித்ததை நான் அதற்கு முன்னாலும் ஒருமுறை பார்த்திருக்கிறேன். வீட்டுக்குப் போகிற வழியில், காரில் அப்பா என்னிடம் ஒன்று சொன்னார். அதைப் பிறகு எழுதுகிறேன், முதலில் எழுத வேண்டியது இன்னும் இருக்கிறது.

அப்பா போய் இரண்டு மாரிகாலம் ஆகிவிட்டது. அவருடைய குரலை எங்கேயும் பிடித்து வைக்கவில்லை. கல்யாண வீடியோவிலும் மனுஷன் வாயைத் திறக்காமல் மாலையைப் போட்டுக்கொண்டு முழிக்கிறார். நீ அந்த நாடகத்துண்டு ஒன்றை எனக்குப் போனில் அனுப்பியிருந்தாய், நான் பார்க்கவே இல்லை என்று உன்னிடம் சொன்னேன். பார்க்கிறேன். சமைக்கும்போது போனைச் சீனிப் போத்தலில் சாய்த்து வைத்துவிட்டு, "யெஸ் மை பிரண்ட்" என்கிறதைக் கேட்பேன். கறி கொதிக்கும் வரைக்கும் அவர் என்னோடு நிற்கிற மாதிரி இருக்கும். இவ்வளவையும் உன்னிடமிருந்து வாங்கிக்கொண்டுதான் உன் தட்டை இழுத்தேன்.

நீ போன அடுத்த நாள் வேலைக்குப் போய்க் கோப்பைகளை எல்லாம் டங்கு டங்கென்று வைத்தேன். ஹில்டா பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, "கோப்பை உனக்கு என்ன செய்தது?" என்று கேட்டா. சொன்னேன். என் மகன், எங்களை அடித்தவர்களின் உடுப்பைப் போட்டுக்கொண்டு நடிக்கப் போயிருக்கிறான் என்றேன். அவ சிரித்தா. எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. சிரிப்பு முடிந்ததும், அவ சொன்னதை நான் எங்கள் தமிழில் எழுதுகிறேன்.

"என்ர அப்பாவும் இப்பிடித்தான் குதிச்சவர். சண்டைக் காலத்தில, அதுக்குப் பிறகும், இந்தாளுக்கு எல்லாப் படத்திலயும் அந்த நாசமாப் போன நாஜி ஒஃபிசர் வேடம்தான். அவங்களுக்குப் பயந்து ஓடிவந்த மனுஷனுக்கு அவங்கட சப்பாத்து. அப்பா பாதிப் படத்தில எழும்பி, துரோகி, காசுக்கு வித்துப்போட்டான் எண்டு எல்லாருக்கும் கேக்கச் சொல்லிக்கொண்டு வெளியில போயிடுவார். நானும் அம்மாவும் இருந்து பாப்பம்."

"அம்மாவுக்குக் கோவம் வரேல்லையோ?"

"அம்மா ஒண்டுதான் சொல்லுவா. இவன் சரியாச் செய்யிறான். ஆராவது ஒருத்தன் சரியாச் செய்யத்தானே வேணும்."

பிறகு தேநீர்க் கோப்பையைக் கையில் எடுத்தா. "என்ர அப்பா சாகும்வரைக்கும் எங்களுக்கு அங்க என்ன நடந்தது எண்டு வாயே திறக்கேல்லை. நான் எவ்வளவு கேட்டிருப்பன் தெரியுமோ? எங்களைத் துரத்தினவங்கள் எப்பிடிப்பட்ட ஆக்கள் எண்டு எனக்குக் காட்டினது என்ர அப்பா இல்லை, இந்த மொட்டையன்தான்" என்றா. அப்படிச் சொல்லிவிட்டு, தேநீர் ஆறிவிட்டது என்று கோப்பையைத் தள்ளிவிட்டா.

அன்று பின்னேரம் அவ ஒரு படத்தைப் போடச் சொன்னா. ஒரு சின்ன ஊர், சாப்பாட்டுக்கடை, சனம் மேசைகளில் இருக்கிறது. அந்தாள் அதிகாரி உடுப்போடு உள்ளே வருகிறார். நானும் உன்னைப் போலத்தான், இப்போது கத்தப்போகிறார் என்று நினைத்தேன். கத்தவில்லை. கையுறையை ஒவ்வொரு விரலாகக் கழற்றினார். கடை முதலாளியைக் கதிரைமேல் ஏறிப் பாடச் சொன்னார், தயவுசெய்து என்கிற மாதிரி, மெதுவாக. கிழவன் ஏறி நடுங்கிக்கொண்டு பாடினான். சிப்பாய்கள் சிரித்தார்கள். அந்தாள் சிரிக்கவில்லை, பாடுகிறவனைப் பார்க்கவும் இல்லை. மேசைகளில் இருந்த சனத்தை ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். பார்வை எந்த முகத்தில் வந்து நின்றதோ அந்த முகம் சிரித்தது. நான் கட்டில் விளிம்பிலிருந்து எழும்பிவிட்டேன். இதை ஒருத்தராலும் இருந்து யோசித்து எழுத முடியாது. இந்தாள் எங்கேயோ ஒரு வரிசையில் நின்றிருக்கிறார், அந்தப் பார்வை தன் முகத்தில் வந்து நிற்கிறதைக் கண்டிருக்கிறார். நானும் கண்டிருக்கிறேன், அதனால்தான் சொல்கிறேன்.

நீ கேட்டதற்கு இப்போது பதில் எழுதுகிறேன். அப்பா உனக்குச் சொன்னது, சாவடியில் மறித்தார்கள், விசாரித்தார்கள், விட்டார்கள் என்று மட்டும்தான். அது பொய் இல்லை, அதில் நான் இல்லை, அவ்வளவுதான்.

வவுனியாவுக்குப் போகிற வழியில், வெயில் ஏறிக்கொண்டிருந்த நேரம். பஸ்ஸிலிருந்து எங்களை இறக்கி வரிசையில் விட்டார்கள். உனக்கு ஒரு வயது, என் இடுப்பில் இருந்தாய். அப்பாவின் கையில் ஒரு குடையும், கீறின படங்கள் வைத்த குழாயும் இருந்தன. அதிகாரி பெரிய ஆள் இல்லை. மெலிந்தவன், சின்ன வயது, அயர்ன் பண்ணின உடுப்பு. கத்தவில்லையடா. அவன் கத்தவே இல்லை. அந்த நாள் முழுக்க அவன் குரல் உயரவில்லை. கால்களைச் சேர்த்து வைத்து, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, ஆசிரியர் மாதிரி நின்றான். கைலேஞ்சியால் கழுத்தை ஒற்றி ஒற்றி எடுத்தான். உடைந்த தமிழில், பொறுமையாகக் கேட்டான்.

"ஐயா என்ன வேலை?"

"படம் கீறுறனான் சேர். கட்டிடப் படம்."

"குழாயிலே துவக்கு இல்லையா?"

"இல்லை சேர், கடதாசிதான்."

"பரவாயில்லை. குடை இருக்குதானே. குடையைத் தோளிலே வைச்சு நடந்து காட்டுங்க. எப்படி நடப்பீங்க என்று பார்க்கலாம்."

அப்பா குடையைத் துவக்கு மாதிரித் தோளில் வைத்துக்கொண்டு நடந்தார். லெஃப்ட் ரைட் சொல்லச் சொன்னான், சொன்னார். ஒரு செருப்பின் வார் அறுந்தது, செருப்பு பின்னால் கிடக்க ஒற்றைச் செருப்போடு நடந்தார். நாற்பது வயது மனுஷன், எங்கள் தெருவில் எல்லோரும் எழும்பி வழி விடுகிற மனுஷன். சிப்பாய்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை. அப்பாவைப் பார்க்கவும் இல்லை. வரிசையில் நின்ற எங்களைப் பார்த்தான், முதல் ஆளிலிருந்து, ஒவ்வொருத்தராக. எல்லோரும் எங்கள் சனம். பார்வை பட்டதும் ஒவ்வொருத்தராகச் சிரித்தார்கள். அது என்னிடம் வந்தது.

நான் சிரித்தேன். பயத்தில் வாய் கோணியது என்று சொல்லித் தப்பலாம், இத்தனை வருடமும் எனக்கு நானே அப்படித்தான் சொல்லிவந்தேன். இல்லை. பல் தெரிய, சத்தம் வரச் சிரித்தேன், அவனுக்குத் திருப்தியாக இருக்க வேண்டும் என்று. என்னைப் பார்த்து நீயும் சிரித்தாய். கை தட்டினாய். ஒரு வயதுப் பிள்ளை, தாய் சிரித்தால் சிரிக்கும். அப்பா அந்த முனையில் திரும்பி எங்களை நோக்கி நடந்து வந்தபோது கண்டது அதைத்தான். உன்னையும் என்னையும். அதன்பிறகு அவன் தலையை அசைத்தான், எங்களைப் போக விட்டார்கள். பஸ்ஸில் ஏறினதும் அப்பா உன்னை என்னிடமிருந்து வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். ஒரு சொல் கேட்கவில்லை. அவர் கேட்டிருந்தால், ஒரு அறை விட்டிருந்தால்கூட எனக்கு ஆறியிருக்கும்.

இப்போது விளங்குகிறதா, அந்த அரங்கத்தில் நான் ஏன் கல்லாய் இருந்தேன் என்று? அங்கே நீ அப்பாவை நடித்தாய், சனம் சிரித்தது. எனக்கு அது இரண்டாம் சாவடியாய்ப் போயிற்று. அன்றைக்குக் காரில் அப்பா சிக்னலில் நிற்கும்போது என் பக்கம் திரும்பினார்.

"இஞ்சேரும், ஏன் உம்மெண்டு இருக்கிறீர்? பெடியன் வடிவாச் செய்தவன்தானே."

"உங்களை வைச்சுப் பகிடி பண்ணுறான். நீங்களும் சேந்து சிரிக்கிறியள். வெக்கமில்லையோ?"

"அண்டைக்குச் சிரிச்ச ஆமிக்காரங்களுக்கு நான் ஆரெண்டு தெரியாது. இண்டைக்குச் சிரிச்சவை நாளைக்கு ஒரு கடைக்குள்ள போனால் அங்க நிக்கிற மனுஷனை நிமிந்து பாப்பினம். அது போதும் எனக்கு." பச்சை விழுந்தது. காரை எடுத்துக்கொண்டு, வீதியைப் பார்த்தபடி, "நீர் சிரிச்சதை நான் அண்டைக்கே விட்டிட்டன். நீர்தான் இன்னும் தூக்கிக்கொண்டு திரியிறீர்" என்றார்.

வீட்டுக்குப் போய்த் தேநீர் போட்டேன். அவர் மன்னித்தது எனக்கு இன்னும் வெட்கமாய்ப் போயிற்று. அதனால் உன்னிடம் கோபத்தைக் காட்டிக்கொண்டே திரிந்தேன், பார், எவ்வளவு நியாயம்! அப்பா இதைப் பார்க்காமல் செத்தது நல்லது என்று நான் சொன்னது அண்டப் புளுகு. அவர் இருந்திருந்தால், நீ கேட்ட உடனேயே சாப்பாட்டை விட்டுவிட்டு எழும்பி, குடையை எடுத்து, நடந்து காட்டியிருப்பார்.

ஆகவே கேள். நீ உன் அறையில் கத்தினாயே, அதை விட்டுவிடு. குரலை உயர்த்தாதே. கையைப் பின்னால் கட்டு. கைலேஞ்சியை வைத்துக்கொள். "ஐயா" என்று கூப்பிடு. அவமானப்படுகிறவனைப் பார்க்காதே, சுற்றி நிற்கிற சனத்தைப் பார், அவசரப்படாமல், ஒவ்வொரு முகமாக. நீ சரியாகச் செய்தால், எங்களைப் போல அந்த வரிசையில் நின்றவர்கள் எங்கே இருந்து பார்த்தாலும் கதிரையை விட்டு எழும்புவார்கள். சிலர் உன்னைத் துரோகி என்பார்கள். சொல்லட்டும். நானே சொன்னவள்தானே. சாப்பாட்டு நேரத்துக்குச் சாப்பிடு. திரும்பி வரும்போது நான் விமான நிலையத்தில் நிற்பேன், வாசலுக்கு எதிரில், கண்ணுக்குத் தெரிகிற இடத்தில். புட்டு அவித்து வைத்துவிட்டுத்தான் வருவேன்.

கடைசியாக ஒன்று. அந்தக் காட்சியில் வரிசையில் பிள்ளையோடு ஒரு பெண் நிற்பாள். இப்படிப்பட்ட படங்களில் எப்போதும் ஒருத்தி நிற்பாள். படம் எடுக்கிறவர் அவளை அழச் சொல்லுவார், சனத்துக்கும் அதுதான் பிடிக்கும். நீ போய்ச் சொல்லு, அவள் அழக்கூடாது, பல் தெரியச் சிரிக்க வேண்டும் என்று. ஏன் என்று கேட்டால் மறைக்காமல் சொல்லு, என்ர அம்மா அப்பிடித்தான் சிரிச்சவ என்று.

உன் அம்மா